கே.சி.எஸ். பணிக்கர்: நிலக்காட்சியும் சமய ஓவியமும்

கே.சி.எஸ். பணிக்கர் (1911–1977) இருபதாம் நூற்றாண்டுத் தென்னிந்திய ஓவியர்களுள் முதன்மையானவர். சென்னை அரசு ஓவியக் கல்லூரியின் முதல்வராகப் பணியாற்றியவர். சோழமண்டலம் ஓவியர் கிராமத்தை நிறுவியவர். 'சொற்களும் குறியீடுகளும்' என்ற ஓவிய வரிசையும் அந்தக் கிராமமுமே இன்று அவருடைய அடையாளங்களாக நிற்கின்றன. அவற்றுக்கு முன் முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக அவர் வரைந்தவற்றுள் நிலக்காட்சிகளும், கிறிஸ்துவையும் புத்தரையும் பொருளாகக் கொண்ட சமய ஓவியங்களும் பெரும்பங்கு பெறுகின்றன. கலை வரலாற்று நூல்கள் பலவும் அவற்றை முன்னோட்டமாகக் கருதி விரைவாகக் கடந்துவிடுகின்றன. ஆனால் பிற்காலத்தில் அவர் கண்ட விடைகளுக்கு உரிய கேள்விகள் அந்த ஓவியங்களில்தான் எழுந்தன. அந்தக் கேள்விகளை அறியாமல் சோழமண்டலம் ஏன் உருவானது என்பதையும் முழுமையாகப் புரிந்துகொள்ள இயலாது.

இளமையும் கல்வியும்

பணிக்கர் 1911ஆம் ஆண்டு கோயம்புத்தூரில் பிறந்தார். மலபாரில் பொன்னானியை அடுத்த வெளியங்கோடு பகுதியில் அவருடைய இளமை கழிந்தது. தென்னந்தோப்பு, காயல், நெல்வயல், செம்மண் பாதை ஆகியவையே சிறுவயதில் அவர் கண்டு வரைந்தவை. பள்ளிப் பருவத்திலேயே நீர்வண்ணத்தில் ஊர்க் காட்சிகளைத் தீட்டத் தொடங்கினார். பதினேழு வயதளவில் சென்னை நுண்கலைக் கழகத்தின் ஆண்டுக் கண்காட்சியில் அவருடைய படங்கள் இடம்பெறத் தொடங்கின.

உயர்கல்விக்காகச் சென்னை கிறித்தவக் கல்லூரியில் சேர்ந்தார். அக்கல்லூரி அப்போது தாம்பரத்துக்கு மாறியிருக்கவில்லை. துறைமுகத்துக்கு அருகே, உயர் நீதிமன்றத்துக்கு எதிரே, ஜார்ஜ் டவுனில் இருந்தது. குடும்பச் சூழல் காரணமாகப் படிப்பைப் பாதியில் விட்டுத் தந்தித் துறையில் தந்தியாளராக வேலைக்குச் சேர்ந்தார். மாதச் சம்பளம் தரும் வேலையைத் துறந்து 1936இல் சென்னை அரசு ஓவியப் பள்ளியில் மாணவராகச் சேர்ந்தபோது அவருக்கு வயது இருபத்தைந்து. வயிற்றுப்பாட்டுக்கு ஒரு தொழில், மனத்துக்கு ஓவியம் என்ற இரட்டை வாழ்க்கையை அவர் தம் அனுபவத்தில் அறிந்திருந்தார். முப்பது ஆண்டுகளுக்குப் பின் அவர் எடுத்த முடிவு ஒன்றுக்கு இந்த அனுபவம் பின்னணியாக அமைந்தது.

அவருக்கு முன்பிருந்த மரபு

சென்னையில் நிலக்காட்சி ஓவியம் கடற்கரையில் தொடங்கிய கலை எனலாம். துறைமுகம் கட்டப்படுவதற்கு முன் கப்பல்கள் கரையை நெருங்க முடியாமல் தொலைவில் நங்கூரமிட்டு நிற்கும். பயணிகளையும் சரக்கையும் மசூலாப் படகுகளே கரைசேர்த்தன. ஆணி அறையாமல், பலகைகளைக் கயிற்றால் தைத்துக் கட்டிய படகுகள் அவை. அலையின் அடியைத் தாங்கி வளைந்துகொடுக்கும். கோட்டை, வெண்ணிறத் தூண்களுடைய கட்டடங்கள், கொந்தளிக்கும் அலை, மசூலாப் படகு, கட்டுமரம் ஆகியவை ஐரோப்பிய ஓவியர்களைக் கவர்ந்தன. தாமஸ் டேனியலும் அவருடைய அண்ணன் மகன் வில்லியம் டேனியலும் 1790களின் தொடக்கத்தில் சென்னைக்கு வந்து வரைந்தனர். ஜார்ஜ் சின்னரி 1802 முதல் 1807 வரை இங்கே வாழ்ந்தார்.

1876இல் துறைமுகப் பணி தொடங்கியது. 1881ஆம் ஆண்டுப் புயலில் அதன் சுவர்கள் சிதைந்தன. பின்னர் மீண்டும் கட்டப்பட்டன. டேனியல்களும் சின்னரியும் வரைந்த கரை கற்சுவர்களுக்குள் அடங்கியது. ஆனால் அவர்கள் விட்டுச்சென்ற பார்வை நகரத்தில் நிலைத்தது. தொலைவில் நின்று, அழகான ஒரு சட்டகத்துக்குள் இந்த நாட்டைக் காணும் பார்வை அது. அந்தக் கரையில் படகு வலித்தவர்களும் சுமை தூக்கியவர்களும் அப்படங்களில் பெரும்பாலும் சிறு உருவங்களாகவே வருகிறார்கள்.

ஓவியப் பள்ளியும் இதே பகுதியில்தான் முளைத்தது. அலெக்சாண்டர் ஹன்டர் என்ற மருத்துவர் 1850இல் பிராட்வேயில் தம் சொந்த முயற்சியில் அதைத் தொடங்கினார். சில ஆண்டுகளில் அரசு அதை ஏற்றது. பின்னர் பூந்தமல்லி நெடுஞ்சாலையில், இன்று கவின்கலைக் கல்லூரி இருக்கும் இடத்தில் அது நிலைபெற்றது. ஓவியர்களை உருவாக்குவதைவிடக் கைவினைஞர்களைப் பயிற்றுவிப்பதே அதன் முதல் நோக்கம். மரவேலை, உலோக வேலை, மட்பாண்டம், துணி வடிவமைப்பு ஆகியவை அங்கே கற்பிக்கப்பட்டன. இன்று வீடுதோறும் புழங்கும் அலுமினியப் பாத்திரத் தொழிலுக்கான தொடக்கமும் 1890களின் இறுதியில் ஆல்பிரட் சாட்டர்டன் இப்பள்ளியில் நடத்திய முயற்சியில்தான் இருக்கிறது.

ஆகவே பணிக்கருக்குச் சென்னையில் இரண்டு மரபுகள் கிடைத்தன. ஒன்று, வெளியிலிருந்து வந்தவர்கள் கண்ட நிலக்காட்சி. மற்றொன்று, உழைத்துச் செய்யும் பொருளையே கலையாகக் கொண்ட கைவினை. முதலாவதோடு அவர் பல ஆண்டுகள் மல்லுக்கு நின்றார். இரண்டாவது பின்னாளில் அவருக்குக் கைகொடுத்தது.

நிலக்காட்சிகள்

நீர்வண்ணத்தில் தாளின் வெண்மையே ஒளி. வெளிச்சம் வேண்டிய இடத்தில் தாளை வெறுமையாக விட்டுவிட வேண்டும். ஒருமுறை வண்ணம் படிந்த இடத்தை மீண்டும் வெண்மையாக்குவது கடினம். ஈரம் உலர்வதற்குள் கை முடிவெடுத்தாக வேண்டும். இங்கிலாந்தின் மங்கிய வானத்தையும் மென்மையான ஒளியையும் காட்ட வளர்ந்த இம்முறை, மலபாரின் அடர்பச்சைக்கும் சென்னையின் நண்பகல் வெயிலுக்கும் எளிதில் பொருந்துவதில்லை.

பணிக்கரின் நிலக்காட்சிகளில் இந்தப் பொருந்தாமையோடு அவர் போராடுவதைக் காணலாம். பச்சையும் மஞ்சளும் அடங்கிய சாயல்களாக இல்லாமல் பளிச்சென்று எழுகின்றன. தூரிகை வீச்சுகள் தடிக்கின்றன. தென்னை மரங்கள் பின்னணி அலங்காரமாக நின்றுவிடாமல் படத்தின் கட்டமைப்பையே தாங்குகின்றன. பின்னர் எண்ணெய் வண்ணத்துக்கு வந்தபோது வான்கோ, கோகன் ஆகியோரின் தாக்கம் அவரிடம் வெளிப்படையாகத் தெரிந்தது. அழுத்தமான வண்ணத்தையும் புறக்கோட்டையும் அவர்கள் வழியே பயின்றார்.

இந்தப் படங்களால் அவருக்கு இளமையிலேயே பெயர் கிடைத்தது. அதே பாதையில் தொடர்ந்திருந்தால் விற்பனையும் வரவேற்பும் உள்ள நிலக்காட்சி ஓவியராக வாழ்ந்திருக்க முடியும். ஆனால் காட்சியைத் திறமையாகப் பதிவுசெய்வதில் அவருக்கு நிறைவு ஏற்படவில்லை. நிலத்தில் வாழும் மனிதர்கள் படத்தின் நடுப்பகுதிக்கு வரத் தொடங்கினார்கள். உழவர்கள், பழம் விற்பவர்கள், தாயும் சேயும் என உருவங்கள் பெரிதாயின. நிலம் அவர்களுக்குப் பின்னே ஒதுங்கியது.

ஆசிரியரும் சங்கமும்

அவர் சேர்ந்த காலத்தில் பள்ளியின் தலைவராக இருந்தவர் வங்காளச் சிற்பி தேவி பிரசாத் ராய் சௌத்ரி. 1929இல் பொறுப்பேற்ற அவரே அப்பதவிக்கு வந்த முதல் இந்தியர். மெரினாவில் உள்ள உழைப்பாளர் சிலை அவருடைய படைப்பு. உடற்கூறு, ஒளி, நிழல் ஆகியவற்றில் உறுதியான பயிற்சியை அவர் வலியுறுத்தினார். கைவினைப் பள்ளியாக இருந்த நிறுவனம் அவர் காலத்தில் தனித்தன்மையுள்ள ஓவியர்களையும் சிற்பிகளையும் வளர்க்கும் இடமாக மாறியது.

படிப்பை முடித்த பணிக்கர் 1941இல் அங்கேயே ஆசிரியரானார். 1944இல் முற்போக்கு ஓவியர் சங்கத்தைத் தொடங்கினார். பம்பாயில் எஃப்.என். சூசா முதலியோர் முற்போக்குக் கலைஞர் குழுவை அமைத்ததற்கு மூன்று ஆண்டுகளுக்கு முன்பே சென்னையில் இது நிகழ்ந்தது. ஆயினும் பம்பாய்க் குழுவுக்குக் கிடைத்த கவனம் சென்னைக்குக் கிடைக்கவில்லை. காட்சிக்கூடங்கள், படம் வாங்குவோர், எழுதும் விமர்சகர்கள் என்ற மூன்றும் பம்பாயில் வளர்ந்த அளவுக்கு இங்கே வளரவில்லை. பயிற்சி பெற்று வெளியேறும் மாணவர்கள் பிழைப்புக்காக வேறு வேலைகளைத் தேட வேண்டியிருந்தது. 1957இல் ராய் சௌத்ரிக்குப் பின் முதல்வர் பொறுப்பை ஏற்ற பணிக்கர் அந்த நிலையை ஆண்டுதோறும் நேரில் கண்டார்.

கிறிஸ்துவும் புத்தரும்

1950களில் பணிக்கரின் ஓவியங்களில் சமயப் பொருள்கள் முக்கிய இடம் பெற்றன. 1951இல் வரைந்த 'பிளஸ்டு ஆர் த பீஸ்மேக்கர்ஸ்' என்னும் படத்தின் தலைப்பு இயேசுவின் மலைப்பொழிவிலிருந்து எடுத்தது. புத்தர் பிறந்த லும்பினியைப் பொருளாகக் கொண்ட ஓவியம் இன்னொன்று. கிறிஸ்துவின் துயரம், மக்கள் பழித்துச் சூழ்ந்த பெண்ணின் கதை ஆகியவற்றையும் வரைந்தார்.

பணிக்கர் பிறப்பால் கிறித்தவர் அல்லர்; பௌத்தரும் அல்லர். இவை ஆலயத்தில் வைத்து வணங்குவதற்காகத் தீட்டப்பட்டவையும் அல்ல. உலகப் போர், வங்காளப் பஞ்சம், நாட்டுப் பிரிவினைக் கலவரம், காந்தியின் கொலை ஆகியவற்றைப் பத்தாண்டுகளுக்குள் கண்ட தலைமுறை அவருடையது. வன்முறைக்கு எதிரில் ஒரு மனிதன் எப்படி நிற்பது என்ற கேள்விக்கு உருவம் தேடியபோது கிறிஸ்துவும் புத்தரும் அவருக்குக் கிடைத்தார்கள் என்று இப்படங்களை வாசிக்கலாம்.

வரையும் முறையிலும் மாற்றம் வந்தது. தமிழ்நாட்டில் கிறிஸ்துவின் உருவம் பல நூற்றாண்டுகளாகப் பழகிய ஒன்று. சாந்தோம் முதல் ராயபுரத்தின் புனித பேதுரு ஆலயம் வரை நகரின் கரையோரம் முழுவதும் தேவாலயங்கள் உண்டு. ஆனால் அங்குள்ள சுரூபங்களும் படங்களும் பெரும்பாலும் ஐரோப்பிய முக அமைப்பையே பின்பற்றின. பணிக்கர் அதைக் கைவிட்டார். அவருடைய மாந்தர்கள் அஜந்தா சுவரோவியங்களின் வளைகோடுகளை நினைவூட்டுகிறார்கள். நீண்ட விழிகள், மெலிந்த உடல், மண்ணின் நிறங்கள், நெருங்கி நிற்கும் கூட்டம் ஆகியவை அப்படங்களின் இயல்புகள். தொலைவைக் காட்டும் ஆழம் குறைகிறது. உருவங்கள் ஒரே தளத்தில் அடுக்கப்படுகின்றன. ஒளி, நிழலைவிடக் கோடு முதன்மை பெறுகிறது.

நிலக்காட்சியில் தொடங்கிய போராட்டத்தின் அடுத்த கட்டம் இது. ஆழத்தை அளந்து காட்டும் ஐரோப்பிய முறையை விட்டாலும் படத்தில் உணர்ச்சி குன்றாது என்பதைச் சமய ஓவியங்களே அவருக்குக் காட்டின.

கொண்டையா ராஜுவுடன் ஓர் ஒப்பீடு

இதே சென்னைப் பள்ளியில் பணிக்கருக்கு முன் பயின்ற மற்றொரு சமய ஓவியர் சி. கொண்டையா ராஜு (1898–1976). திருவண்ணாமலையில் ரமணாசிரமத்தில் சில காலம் இருந்தவர். நாடகக் குழுக்களுக்குத் திரைச்சீலைகள் வரைந்தவர். இறுதியில் கோவில்பட்டியில் தங்கினார். அவரும் அவருடைய மாணவர்களும் வரைந்த தெய்வப் படங்கள் சிவகாசி அச்சகங்களில் நாட்காட்டிகளாக அச்சாகித் தமிழர் வீடுகளின் பூசையறைகளுக்கும் கடைகளுக்கும் சென்றன.

கொண்டையா ராஜுவின் படத்தில் மலையும் ஆறும் தோட்டமும் நாடகத் திரைபோல் பின்னே விரிய, தெய்வம் முன்னே நின்று பார்ப்பவரை நேராக நோக்கும். நிலக்காட்சியும் சமயமும் அங்கே சண்டையின்றிச் சேர்ந்துகொள்கின்றன. அவருக்குப் பார்வையாளர் யார் என்பதில் ஐயம் இருக்கவில்லை. படத்தைக் கும்பிடுகிறவரே அவருடைய பார்வையாளர். அதனால் வாழ்க்கைக்கான வழியும் கிடைத்தது.

பணிக்கருக்கு அந்த உறுதி வாய்க்கவில்லை. அவர் வரைந்த கிறிஸ்துவை வணங்குவோர் இல்லை. வாங்குவோரும் அதிகம் இல்லை. கண்காட்சிக்கு வரும் சிலரே அவருடைய பார்வையாளர்கள். ஒரே பள்ளியில் கற்ற இருவரின் பாதைகளும் இந்த இடத்தில் பிரிகின்றன. இருவரையும் உயர்வு தாழ்வு என்று தரம் பிரிப்பதைவிட, கலைக்கும் அதை ஏற்கும் மக்களுக்கும் இடையிலான உறவு ஓவியரின் வாழ்வை எவ்வளவு தீர்மானிக்கிறது என்பதை இந்த ஒப்பீட்டில் காண்பது பயனுடையது.

ஐரோப்பியப் பயணமும் குறியீடுகளும்

1954இல் லண்டனிலும் பாரிசிலும் பணிக்கரின் ஓவியங்கள் காட்சிக்கு வைக்கப்பட்டன. மேலை நவீன ஓவியத்தை நேரில் காணும் வாய்ப்பு கிடைத்தது. ஐரோப்பிய நவீனர்கள் ஜப்பானிய அச்சோவியங்களிடமிருந்தும் ஆப்பிரிக்க முகமூடிகளிடமிருந்தும் கற்றுக்கொண்டே தங்கள் பழைய மரபை உடைத்திருந்தார்கள். அவர்கள் கீழைத் திசையை நோக்கித் திரும்பியிருந்த காலத்தில் இந்திய ஓவியர்கள் அவர்களைப் பின்பற்றிக்கொண்டிருந்தார்கள். தன் மண்ணிலிருந்து எழும் நவீனத்தன்மை எது என்ற தேடல் பணிக்கரிடம் இதன் பின் தீவிரமானது. 1950களின் பிற்பகுதியில் வரைந்த 'தோட்டம்' வரிசையில் மனித உருவங்களும் செடிகொடிகளும் உதிரிக் கோடுகளாகவும் வண்ணத் திட்டுகளாகவும் கரையத் தொடங்கின.

1963இல் 'சொற்களும் குறியீடுகளும்' வரிசை தொடங்கியது. ஒரு மாணவரின் கணக்கு நோட்டில் எண்களும் எழுத்துகளும் வடிவியல் உருவங்களும் நிறைந்திருந்த பக்கமே இதற்குத் தூண்டுதல் என்று பணிக்கர் கூறியிருக்கிறார். முதலில் கணிதக் குறிகளைப் பயன்படுத்தினார். பின்னர் மலையாள எழுத்து வடிவங்கள், சாதகக் கட்டங்கள், சோதிடக் குறிகள், பறவை, மீன், பாம்பு ஆகியவை படப்பரப்பை நிறைத்தன. அவற்றில் உள்ள எழுத்துகளைக் கூட்டிப் படித்தால் பொருள் கிடைக்காது. ஓலைச்சுவடியைப் படிக்கத் தெரியாதவர் அதன் வரிகளைப் பார்க்கும்போது பெறும் அனுபவத்தை ஒத்தது அது.

இந்த வரிசை திடீரென்று தோன்றியதாகக் கருதுவது பொருந்தாது. படப்பரப்பைத் தட்டையாக்கும் முறையும் கோட்டுக்குத் தரும் முதன்மையும் சமய ஓவியங்களிலிருந்து வந்தவை. பச்சை, மஞ்சள், செம்மண் நிறங்கள் மலபார் நிலக்காட்சிகளிலிருந்து வந்தவை. நிலத்தின் தோற்றத்தை விட்டுவிட்டு, அந்த நிலத்தில் வாழ்பவர்கள் விதியையும் நேரத்தையும் கணக்கிட வைத்திருந்த குறிகளை எடுத்துக்கொண்டார். அந்த வகையில் இதுவும் நிலத்தைப் பற்றிய ஓவியமே.

சோழமண்டலம்

ஓவியம் எப்படி இருக்க வேண்டும் என்ற கேள்வியோடு ஓவியர் எப்படி வாழ்வது என்ற கேள்வியும் தொடர்ந்தது. 1960களின் தொடக்கத்தில் பணிக்கரும் அவருடைய மாணவர்களும் கைவினை வழியே வருவாய் தேடினர். பத்திக் துணி வேலை அவற்றுள் முக்கியமானது. துணியில் வண்ணம் ஏறக்கூடாத இடங்களில் உருக்கிய மெழுகைப் பூசி, சாயத்தில் நனைத்து, பின் மெழுகை நீக்கும் முறை அது. இந்தப் பொருள்களை விற்றுச் சேர்த்த பணத்தைக் கொண்டு 1966இல் சென்னைக்குத் தெற்கே ஈஞ்சம்பாக்கத்தில் கடலோரம் சுமார் 10 ஏக்கர் நிலம் வாங்கப்பட்டது. அன்று அது நகர வசதிகள் எட்டாத மணல்வெளி. ஓவியர்களும் சிற்பிகளும் அங்கே தங்களுக்கான வீடுகளைக் கட்டிக்கொண்டார்கள். பகலில் ஒரு பகுதியைக் கைவினைக்கும், எஞ்சிய நேரத்தைத் தம் சொந்தப் படைப்புக்கும் ஒதுக்குவது ஏற்பாடு. 1850இல் கைவினைப் பள்ளியாகத் தொடங்கிய நிறுவனத்தின் பழைய அறிவு, நவீன ஓவியர்களுக்குச் சோறு போட இவ்வாறு பயன்பட்டது.

கிராமத்துக்குச் சோழமண்டலம் என்று பெயர் வைத்தார்கள். ஐரோப்பியர் நாவில் 'கோரமண்டல்' என்று திரிந்து, அவர்களுடைய வரைபடங்களிலும் ஓவியத் தலைப்புகளிலும் இடம்பெற்ற கரையின் பழம்பெயர் அது. ஜே. சுல்தான் அலி, எஸ். நந்தகோபால், எம். சேனாதிபதி, எஸ்.ஜி. வாசுதேவ், கே. ராமானுஜம், பி.எஸ். நந்தன், கே. ஜெயபால பணிக்கர் முதலியோர் இக்கிராமத்தோடு இணைந்தவர்கள். இவர்களுள் சிற்பி நந்தகோபால் பணிக்கரின் மகன். முற்போக்கு ஓவியர் சங்கம் 1961இல் தொடங்கிய 'ஆர்ட்ரெண்ட்ஸ்' என்ற ஆங்கில இதழ், தென்னகக் கலையைப் பற்றி எழுத ஓர் இடத்தையும் உருவாக்கியிருந்தது.

கிராமம் எல்லாச் சிக்கல்களையும் தீர்த்துவிடவில்லை. தொடக்க கால உறுப்பினர்களுள் வி. விஸ்வநாதன் போன்ற சிலர் பாரிசுக்குச் சென்று அங்கேயே தங்கினர். கனவுலகக் காட்சிகளை வியப்பூட்டும் நுட்பத்தோடு வரைந்த ராமானுஜம் 1973இல் இளம் வயதிலேயே மறைந்தார். ஆனாலும் பெரும்பாலும் தம் உழைப்பில் ஓவியர்கள் நிலம் வாங்கி, அரை நூற்றாண்டுக்கும் மேலாக நிலைத்து நிற்கும் குடியிருப்பை உருவாக்கியது இந்தியாவில் அரிய நிகழ்வு. சென்னைக் கலை இயக்கத்தின் படைப்புகளுக்கான அருங்காட்சியகமும் இன்று அங்கே உள்ளது.

மறைவும் மதிப்பீடும்

1967இல் கல்லூரியிலிருந்து ஓய்வுபெற்ற பணிக்கர் சோழமண்டலத்தில் தம் பணியைத் தொடர்ந்தார். 1976இல் லலித் கலா அகாதமி அவரைச் சிறப்பு உறுப்பினராக்கியது. 1977 ஜனவரியில் சென்னையில் காலமானார். அவருடைய ஓவியங்களுக்கென்று திருவனந்தபுரம் அருங்காட்சியக வளாகத்தில் தனிக் காட்சிக்கூடம் அமைந்துள்ளது. கோவையில் பிறந்து, சென்னையில் கற்று, கற்பித்து, வாழ்ந்து மறைந்த ஓவியரின் படைப்புகளை ஒரே இடத்தில் நிறைவாகக் காணத் தமிழ்நாட்டு மாணவர் அங்கே செல்ல வேண்டியிருக்கிறது.

பணிக்கரின் வாழ்வில் மூன்று காலங்கள் உண்டு என்று பாடநூல்கள் பிரிப்பது வசதிக்காக. நிலக்காட்சியில் அவர் கேட்டது, இந்த மண்ணை யாருடைய கண்ணால் பார்க்கிறோம் என்பது. சமய ஓவியங்களில் கேட்டது, இந்த மண்ணின் துன்பத்தை எந்தக் கோட்டால் வரைவது என்பது. குறியீடுகளில் அவ்விரண்டுக்கும் தனக்கான மொழி ஒன்றைக் கண்டார். சோழமண்டலத்தில் அந்த மொழியைப் பேசுகிறவர்களுக்கு ஒரு வீட்டையும் தேடித் தந்தார். கலைக்கு வேலையைத் துறந்த தந்தியாளர், தம் மாணவர்கள் ஒரு வேலைக்காகக் கலையைத் துறக்க வேண்டாம் என்று எண்ணியதன் விளைவு அது.